சாம்பல் தலை ஈப்பிடிப்பான் எந்தக் குடும்பம்?

(ஹல்துமுல்லையில் ஆற்றிய அறக்கட்டளைச் சொற்பொழிவு. அச்சுக்காகச் சுருக்கித் திருத்தியது.)



இத்தகைய மேடைகளில் இலக்கியமும் சமயமும் பேசப்படுவது வழக்கம். நான் இன்று ஒரு சிறு பறவையைப் பேச எடுத்துக்கொண்டிருக்கிறேன். அதன் எடை பத்துக் கிராமுக்கும் குறைவு. ஆனால் அதன் அறிவியல் பெயரில் இலங்கை இருக்கிறது. நீங்கள் நாள்தோறும் கடந்துபோகும் ஓடைக்காடுகளில் அது வாழ்கிறது. அது எந்தக் குடும்பத்தைச் சேர்ந்தது என்பதைச் சரியாகச் சொல்ல உலகத்து அறிஞர்களுக்கு 185 ஆண்டுகள் பிடித்தன.

வகைப்படுத்தல் என்பது அருங்காட்சியகத்து அலுமாரிகளோடு நின்றுவிடும் வேலை என்று இந்த ஊரில் யாரும் சொல்லமாட்டார்கள். 1911ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டில் ‘இந்தியத் தமிழர்’ என்ற தனிப் பிரிவு முதன்முதலாக எழுதப்பட்டது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் வந்தபோது அந்தப் பிரிவில் எழுதப்பட்டவர்களில் பெரும்பாலோர் நாடற்றவரானார்கள். எந்தப் பட்டியலில் யாரை வைக்கிறார்கள் என்பதால் வாழ்க்கை எப்படி மாறும் என்பதை உங்கள் தாத்தா பாட்டிமார் அனுபவித்தே அறிந்தவர்கள். பறவைக்கும் பட்டியல் உண்டு. அந்தப் பட்டியல் அதன் காட்டின் தலையெழுத்தையும் தொடும்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு பறவை செய்யும் தொழிலை வைத்து அது யாருக்கு உறவு என்று முடிவு செய்ய முடியாது. அதன் உண்மையான உறவு தெரிந்தபின், அது வாழும் காட்டுக்கு நாம் கொடுக்கும் மதிப்பும் மாறியாக வேண்டும். இதை ஆறு பகுதிகளாகச் சொல்கிறேன். பாடநூலில் நீங்கள் ‘சாதி’ என்று படிக்கும் பிரிவை நான் ‘பேரினம்’ என்று சொல்வேன். மாணவர்கள் குழம்ப வேண்டாம்.

1. பறவையும் அதன் இடமும்

பெரகலையிலிருந்து ஹல்துமுல்லைக்கு இறங்கும் கொழும்பு வீதியில் வந்தால், தேயிலை மலைகளுக்கு நடுவே ஓடைகள் விழும் பள்ளங்களில் இன்னும் காடு ஒட்டிக்கொண்டிருப்பது தெரியும். களுபஹனையிலிருந்து பம்பரகந்த நீர்வீழ்ச்சிக்குப் போகும் பக்கமும் அப்படித்தான். கொஸ்லந்தைப் பக்கம் தியலுமவுக்கு மேலேயும் அப்படித்தான். 263 மீற்றர் உயரத்திலிருந்து விழும் பம்பரகந்த, நாட்டிலேயே உயரமான நீர்வீழ்ச்சி. 220 மீற்றர் தியலும அதற்கு அடுத்தது. இரண்டும் நம் பக்கத்தில் இருப்பதற்குக் காரணம் மலைநாட்டின் தெற்கு விளிம்பு இங்கே செங்குத்தாக உடைந்து தாழ்நிலத்தில் இறங்குவதுதான். சில கிலோமீற்றருக்குள் குளிர்க்காடும் உலர்காடும் சந்திக்கும் இடம் இது. பறவை பார்ப்பவருக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் இல்லை.

சாம்பல் தலை ஈப்பிடிப்பான் அந்த ஓடைக்காட்டுப் பறவை. தலையும் கழுத்தும் மார்பும் சாம்பல் நிறம். முதுகு பச்சை, வயிறு பளிச்சென்ற மஞ்சள். கண்ணைச் சுற்றி மெல்லிய வெள்ளை வளையம். உடல் நீளம் 12 முதல் 13 சென்ரிமீற்றர். ஆணுக்கும் பெண்ணுக்கும் நிறத்தில் வேறுபாடு இல்லை. மரத்தின் நடு உயரத்தில், இலை குறைந்த ஒரு கிளையில் நிமிர்ந்து உட்காரும். பறக்கும் பூச்சியைக் கண்டதும் பாயும், காற்றிலேயே கவ்வும், பக்கத்துக் கிளைக்குத் திரும்பும். அரை நிமிடம் சும்மா இருக்காது. குரல் உடலைவிடப் பெரிது: சில சுரங்கள் ஏறி இறங்கும் கூர்மையான கணீரொலி, ஓடை இரைச்சலையும் தாண்டிக் கேட்கும். கொழுந்தெடுக்கும் பெண்கள் இந்தப் பறவையைக் கண்ணால் காணாமல் இருந்திருக்கலாம். இந்தக் குரலைக் கேட்காமல் இருந்திருக்க முடியாது.

தனியாக இருப்பதைவிடக் கூட்டத்தோடு இருப்பதையே இது விரும்பும். நம் காடுகளில் பலவகைப் பறவைகள் ஒன்றாகச் சேர்ந்து இரை தேடிக்கொண்டு நகரும். சிங்கராஜக் காட்டில் இத்தகைய கலப்புக் கூட்டங்களைப் பேராசிரியர் சரத் கொட்டகமவும் ஈபன் குடேலும் நெடுநாள் ஆராய்ந்திருக்கிறார்கள். மலைக்காட்டில் அத்தகைய கூட்டம் வருவதை முன்னறிவிப்பது பெரும்பாலும் இந்தச் சாம்பல் தலையனின் குரல்தான். மற்றவை இலைகளைக் கிளறும்போது எழும் பூச்சிகள் இதற்கு இரையாகின்றன.

கூடு கட்டும் விதம்தான் என்னை மிகவும் கவர்ந்தது. பாசி படிந்த மரத்தண்டிலோ பாறையிலோ, பாசியையும் சிலந்தி நூலையும் சேர்த்து ஒரு சிறு அரைக்கிண்ணத்தை ஒட்டவைக்கும். சுற்றியுள்ள பாசியோடு பாசியாக அது மறைந்துவிடும். ஆகவே இந்தப் பறவை இருக்க வேண்டுமானால் பாசி வேண்டும். பாசிக்கு ஈரம் வேண்டும், ஈரத்துக்கு நிழல் வேண்டும், நிழலுக்கு வயதான மரங்கள் வேண்டும். இந்தச் சங்கிலியைக் கடைசிப் பகுதியில் மறுபடியும் எடுப்பேன்.

2. லண்டனில் கிடைத்த பெயர்

1820இல் வில்லியம் சுவைன்சன் என்ற ஆங்கிலேய இயற்கையியலாளர் லண்டனில் விலங்கியல் படத்தொகுதி ஒன்றை வெளியிடத் தொடங்கினார். விலங்குகளின் படங்களைக் கல்லச்சில் தாமே வரைந்து அச்சிட்ட முன்னோடிகளில் அவர் ஒருவர். அந்தத் தொகுதியில் நம் பறவையின் படம் வந்தது. சுவைன்சன் சிசிலியில் இருந்தவர், பிரேசிலில் அலைந்தவர், பிற்காலத்தில் நியூசிலாந்தில் குடியேறியவர். இலங்கைக்கு வந்து இந்தப் பறவையை அவர் உயிரோடு பார்த்ததில்லை. அவர் முன் இருந்தது இலங்கையிலிருந்து போன ஒரு பாடம்செய்த தோல். அகன்ற தட்டையான அலகும், அலகின் அடியில் மீசைபோல நீண்ட விறைத்த முடிகளும் அவர் கண்ணில் பட்டன. தட்டை அலகுடைய பறவைகளுக்கென்று அன்று வழங்கிய பிளாட்டிரிங்கஸ் என்ற பேரினத்தில் அதைச் சேர்த்து, பிளாட்டிரிங்கஸ் சிலோனென்சிஸ் என்று பெயரிட்டார்.

அந்தப் பேரினம் இன்று எந்தப் பறவைகளுக்கு உரியது தெரியுமா? மெக்சிக்கோ தொடங்கித் தென்னமெரிக்கா வரை வாழும் சில தட்டை அலகுப் பூச்சிபிடிகளுக்கு. ஹல்துமுல்லை ஓடைப் பறவையை அமேசன் காட்டுப் பறவையோடு சேர்த்து வைத்தது அலகின் வடிவம். சுவைன்சனைக் குறைசொல்ல நான் இதைச் சொல்லவில்லை. உயிரில்லாத தோல் ஒன்றை வைத்துக்கொண்டு, பறவையின் வாழ்வு எதுவும் தெரியாமல், அவர் காலத்தில் எவராலும் வேறு எதையும் செய்திருக்க முடியாது. கூர்ந்து பார்த்ததை நேர்மையாக வரைந்து வைத்தார். அந்தப் படத்தால்தான் பெயர் நிலைத்தது.

1871இல் சீனத்தில் பிரித்தானியத் தூதரக அதிகாரியாக இருந்த ரொபர்ட் சுவின்ஹோ, இந்தப் பறவைக்கென்று குலிசிகாப்பா என்ற தனிப் பேரினத்தை ஏற்படுத்தினார். அதுவே இன்றுவரை நிற்கிறது. பெயரிடும் விதி ஒன்றை இங்கே மாணவர்கள் மனத்தில் வைக்க வேண்டும். ஆராய்ச்சி முன்னேறும்போது பேரினம் மாறலாம், குடும்பமும் மாறலாம். முதலில் வைத்த இனப்பெயர் மாறாது. பிளாட்டிரிங்கஸ் போனது, சிலோனென்சிஸ் இருக்கிறது.

3. எல்லாம் அடங்கிய ஒரு குடும்பம்

1822இல் ஜோன் பிளெமிங் மஸ்சிகாப்பிடே என்ற குடும்பத்தை வகுத்தார். ஈப்பிடிப்பான்களின் குடும்பம் அது. நம் பறவை இயல்பாகவே அதற்குள் போனது. பிறகு அந்தக் குடும்பம் வீங்கத் தொடங்கியது. 1951இல் ஏர்ன்ஸ்ட் மயரும் டீன் அமடனும் வெளியிட்ட வகைப்பாட்டில் பூங்குருவிகளும் கதிர்க்குருவிகளும் சிலம்பன்களும் இதே குடும்பத்துக்குள் வந்துவிட்டன. சாலிம் அலியும் டில்லன் ரிப்ளியும் 1968 முதல் 1974 வரை பத்துத் தொகுதிகளாக வெளியிட்ட இந்திய உபகண்டத்துப் பறவைக் கையேடு அதையே பின்பற்றியது. என் தலைமுறையில் பறவை படித்தவர்கள் எல்லாரும் அந்தக் கையேட்டில் படித்தவர்கள். முற்றத்தில் கூட்டமாகத் தத்தும் தவிட்டுக்குருவியும், புல்வெளியில் தையலிடும் சின்னக் கதிர்க்குருவியும், மலை ஓடையில் சீழ்க்கையடிக்கும் பூங்குருவியும், நம் சாம்பல் தலையனும் ஒரே குடும்பம் என்றே நாங்கள் எழுதித் தேறினோம்.

பிழை எங்கே? உறவை அறிய அவர்களிடம் இருந்த சான்றுகள் அலகு, கால், இறக்கைச் சிறகுகளின் எண்ணிக்கை, வாலின் நீளம், அலகடி முடி ஆகியவை. இவற்றில் பல, பறவை செய்யும் வேலையால் செதுக்கப்படுபவை.

4. ஒரே தொழில், பல வம்சம்

பறக்கும் பூச்சியைக் காற்றில் பிடிக்க என்ன வேண்டும்? அகலத் திறக்கும் வாய், சட்டெனத் திரும்பும் இறக்கை, நிமிர்ந்து உட்காரக் குட்டையான கால், நல்ல கண். எந்த வம்சத்துப் பறவையாக இருந்தாலும் தலைமுறை தலைமுறையாக இந்தத் தொழிலில் இறங்கினால் உடல் இந்த அச்சுக்குத்தான் வரும். அமெரிக்கக் கண்டங்களில் ஒரு பெருங்குடும்பம் இப்படி ஆயிற்று. அவுஸ்திரேலியாவில் வேறொரு குடும்பம் ஆயிற்று. நம் காடுகளில் வெள்ளை ரிப்பன்போல வாலைத் தொங்கவிட்டுப் பறக்கும் அரசவால் ஈப்பிடிப்பானும் பெயரில்தான் ஈப்பிடிப்பான். உறவில் அது காகங்கள், கரிச்சான்கள் பக்கத்துப் பறவை. விசிறிபோல வாலை விரித்து ஆடும் விசிறிவாலியும் அந்தப் பக்கமே.

அலகடி முடியின் கதையும் கேட்கத் தகுந்தது. பூச்சியை வாய்க்குள் வாரிவிடும் வலை அது என்று நெடுங்காலம் எண்ணினார்கள். ஈப்பிடிப்பான் என்பதற்கு அதுவே முத்திரை என்றும் கொண்டார்கள். 1980இல் வெளியான ஓர் அமெரிக்கச் சோதனை வேறு விதமாகக் காட்டியது. முடியை நீக்கிய பறவைகளும் பூச்சியைப் பிடித்தன. ஆனால் பறந்து வரும் துகள்கள் அவற்றின் கண்ணில் பட்டன. அந்த முடிகள் கண்ணுக்குக் காவல். வேகமாகப் பறந்து பூச்சியின் மேல் மோதும் எந்த வம்சத்துப் பறவைக்கும் இந்தக் காவல் தேவைப்படும். உறவுக்குச் சான்றாக அதைக் கொண்டது தவறு.

மறுபக்கமும் உண்டு. ஒரே வம்சத்தில் பல தொழில்கள். உண்மையான ஈப்பிடிப்பான் குடும்பத்தில் நம்மூர்ப் பறவைகள் எவை என்று இப்போது பாருங்கள். கவ்வாத்து வெட்டிய தேயிலை மலையில் கம்பின் நுனியில் உட்கார்ந்து நிலத்துப் பூச்சியைப் பார்த்து இறங்கும் கறுப்பு வெள்ளைப் புதர்ச்சிட்டு அந்தக் குடும்பம். லயத்துக் கூரையில் விடியற்காலம் பாடும் குண்டுக்கரிச்சான் அந்தக் குடும்பம். இவை இரண்டும் பூங்குருவிகளோடு வைக்கப்பட்டிருந்தவை. எல்லாவற்றையும்விட வியப்பு, இலங்கைக்கே உரிய சீழ்க்கைப் பூங்குருவி. சாமுவேல் பிளை என்ற காப்பித் தோட்டத்துரையின் பெயரால் 1872இல் ஹோல்ட்ஸ்வர்த் பெயரிட்ட பறவை அது. மலைநாட்டு இருட்டு ஓடைகளில் தவளையும் நத்தையும் தின்று வாழும் அந்த நீலக்கறுப்புப் பறவையும், பூங்குருவி என்ற பெயர் இருந்தாலும், ஈப்பிடிப்பான் குடும்பமே.

தொழில் பிறப்பைக் காட்டாது, பிறப்பு தொழிலைக் கட்டாயமாக்காது. மனிதருக்குள் தொழிலையும் பிறப்பையும் முடிச்சுப் போட்டு ஏற்றத்தாழ்வு சொன்னவர்கள் இயற்கையைத் துணைக்கு அழைப்பதுண்டு. இயற்கை அவர்களுக்குச் சாட்சி சொல்லவில்லை. இதை மாணவர்கள் அழுத்தமாகக் குறித்துக்கொள்ள வேண்டும்.

5. உறவு தெரிந்த விதம்

1990இல் சார்ல்ஸ் சிப்லியும் ஜோன் அல்குவிஸ்டும் பறவைகளின் டி.என்.ஏ.யை ஒன்றோடொன்று கலந்து, எந்த வெப்பநிலையில் பிரிகிறது என்று அளந்து, பறவை உலகம் முழுவதற்கும் ஒரு வம்சாவழி வரைந்து நூலாக வெளியிட்டார்கள். புதர்ச்சிட்டும் குண்டுக்கரிச்சானும் ஈப்பிடிப்பான்களோடு சேர்ந்ததும், அரசவாலி காகத்தின் பக்கம் போனதும் அந்த நூலில்தான். பிறகு மரபணுவின் எழுத்து வரிசையையே நேரடியாகப் படிக்க முடிந்தது. எழுத்து வரிசையில் ஏற்படும் மாற்றங்களில் மிகப் பல உடலின் வேலையோடு தொடர்பில்லாதவை. தாயிடமிருந்து பிள்ளைக்கு, பிள்ளையிடமிருந்து பேரப்பிள்ளைக்கு அவை அப்படியே இறங்கும். அதனால் ஒரே தொழில் செய்யும் இரண்டு பறவைகள் இங்கே ஒன்றுபோல் வேடமிட முடியாது.

2005இல் பெரஸ்போர்ட், பார்க்கர், ரயன், குரோ என்ற நால்வர் லண்டன் ரோயல் சொசைட்டியின் ஏட்டில் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். அவர்கள் தேடியது ஆபிரிக்காவின் புதிர்ப் பறவைகளை: எங்கே வைப்பதென்று தெரியாமல் இருந்தவற்றை. தென்னாபிரிக்காவின் வறண்ட புதர்க்காட்டில் ஸ்டெனோஸ்டிரா என்றொரு சாம்பல் நிறச் சின்னஞ்சிறு பறவை உண்டு. ஆபிரிக்கக் காடுகளில் எல்மினியா என்ற கொண்டை வைத்த பூச்சிபிடிகள் உண்டு. இவற்றின் மரபணுவைப் பல நாட்டுப் பறவைகளோடு ஒப்பிட்டபோது இவற்றுக்கு நெருங்கிய உறவாக வந்து நின்றது குலிசிகாப்பா, நம் ஓடைப் பறவையின் பேரினம். உண்மையான ஈப்பிடிப்பான்களிலிருந்து இந்தக் கூட்டம் வெகுதூரம் விலகி நின்றது. ஸ்டெனோஸ்டிரிடே என்ற குடும்பம் இப்படி நிலைபெற்றது. 2009இல் பூக்ஸ் முதலானோர் செய்த ஆய்வில் இமயமலையின் மஞ்சள் வயிற்று விசிறிவாலியும் இதே குடும்பம் என்று தெரிந்தது. இன்றைக்கு இந்தக் குடும்பத்தில் நான்கு பேரினங்கள், ஒன்பது இனங்கள். ஆறு ஆபிரிக்காவில். மூன்று ஆசியாவில்.

இந்தக் குடும்பத்துக்கு அடுத்த நெருக்கம் யார்? பட்டாணிக் குருவிகளும் அவற்றின் சுற்றமும். லயத்துச் சுவர் ஓட்டையிலும் நிழல்மரப் பொந்திலும் கூடு வைக்கும் கறுப்புத் தலை, வெள்ளைக் கன்னப் பட்டாணிக் குருவியை இங்கே தெரியாதவர் இல்லை. சாம்பல் தலை ஈப்பிடிப்பானின் பாட்டன் வழி அதற்குத்தான் கிட்ட. ஆனால் கிட்ட என்றாலும் இரண்டு வழிகளும் பிரிந்து ஒரு கோடி ஆண்டுக்கு மேலாகிறது.

ஆய்வுகூடம் இல்லாதவர்களுக்கும் இதில் ஒரு தடயம் எப்போதும் திறந்து கிடந்தது. ஈப்பிடிப்பான் குடும்பத்துக் குஞ்சுகள் கூட்டைவிட்டு வரும்போது உடலெங்கும் புள்ளி தெளித்திருக்கும். குண்டுக்கரிச்சான் குஞ்சைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். சாம்பல் தலையனின் குஞ்சு புள்ளியில்லாமல், தாயின் நிறத்தையே மங்கலாக அணிந்து வருகிறது. காட்டில் கூடு பார்த்த ஒருவர், வளர்ந்த பறவையின் அலகை விட்டுவிட்டுக் குஞ்சின் முதுகைப் பார்த்திருந்தால் சந்தேகம் அன்றே எழுந்திருக்கும். ஆகவே களத்தில் பார்ப்பவர்களே, உங்கள் குறிப்பேடு ஆய்வுகூடத்துக்குத் தாழ்ந்ததல்ல.

களத்தில் நின்றவர்களைச் சொல்லும்போது முத்து என்ற பெயரையும் இங்கே சொல்லியாக வேண்டும். 1854இல் எட்கர் லேயார்ட் என்ற இலங்கை அரசாங்கச் சேவை அதிகாரி பருத்தித்துறையில் கிடைத்த ஓர் ஈப்பிடிப்பானுக்கு முத்துயி என்ற இனப்பெயரை வைத்தார். இன்று அது மஸ்சிகாப்பா முத்துயி என்று வழங்குகிறது. அந்தப் பறவையைக் கொண்டுவந்து கொடுத்தவர் முத்து, லேயார்டின் பணியாளர். வடகிழக்கு இந்தியா, மியன்மார், சீனம் ஆகிய இடங்களில் இனப்பெருக்கம் செய்து, குளிர்காலத்துக்குத் தென்னிந்தியாவுக்கும் இலங்கைக்கும் வரும் பழுப்பு மார்புப் பறவை அது. ஊவாவின் அடிவாரக் காடுகளிலும் நிழலில் அமைதியாக உட்கார்ந்திருக்கும். அதை முதலில் பூட்டாலிஸ் என்ற பேரினத்தில் வைத்தார்கள். பேரினம் மாறியது. முத்து மாறவில்லை. அந்நாளில் பறவைகளுக்குத் துரைமார் பெயரும் தளபதிகள் பெயரும் வைத்தார்கள். அவர்களுக்காகக் காட்டில் நடந்தவர்கள், பறவையின் குரலையும் இருப்பிடத்தையும் அறிந்தவர்கள் நம் மக்கள். அந்தத் திறமைக்குக் கிடைத்த ஒரு தமிழ்ப் பெயர் உலகம் முழுவதும் எல்லாப் பறவை நூல்களிலும் அச்சாகிறது. ஒவ்வொரு பள்ளிக்கூடத்திலும் இதைச் சொல்லிக்கொடுக்க வேண்டும் என்பது என் ஆசை.

6. குடும்பம் தெரிந்தபின் காடு

பட்டியல் மாறுவதால் காட்டுக்கு என்ன என்று கேட்கலாம். ஒரு சான்று சொல்கிறேன். ஒக்டோபர் தொடங்கி மார்ச் வரை நம் மலைநாட்டுக்கு வரும் செம்மார்புடைய காஷ்மீர் ஈப்பிடிப்பானை நெடுங்காலம் ஐரோப்பாவிலும் காணப்படும் செம்மார்பு ஈப்பிடிப்பானின் ஒரு வடிவமாக மட்டுமே எண்ணினார்கள். அப்படி எண்ணியவரை அது பரந்து கிடக்கும் பறவை, அதைப் பற்றிக் கவலைப்பட ஒன்றுமில்லை. தனி இனம் என்று தெளிந்ததும் கணக்கு மாறியது. வடமேற்கு இமயத்தின் ஒரு சிறு பகுதியில் இனம்பெருக்கி, பெரும்பாலும் இலங்கை மலைகளிலும் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் குளிர்காலம் கழிக்கும் பறவை அது என்று புலப்பட்டது. பன்னாட்டுச் செம்பட்டியலில் அழிவுக்கு இலக்காகக்கூடிய இனமாக அது இடம்பெற்றது அதன் பின்னரே.

சாம்பல் தலையனின் நிலை வேறு. இமயமலையிலிருந்து இந்தோனேசியத் தீவுகள் வரை அது பரவியிருக்கிறது. உலகக் கணக்கில் இன்றைக்கு ஆபத்து இல்லை. ஆனால் இலங்கைக் கணக்கைப் பாருங்கள். ஈப்பிடிப்பான் குடும்பத்தில் ஒன்றாக எண்ணிய காலத்தில் அது பலவற்றுள் ஒன்று. மலைநாட்டுக்கே உரிய மங்கல் நீல ஈப்பிடிப்பான் போன்ற சொந்தப் பறவைகள் அந்தப் பட்டியலில் இருக்கும்போது, இமயம் வரை கிடைக்கும் ஒன்றை யார் பொருட்படுத்துவார்? குடும்பம் திருத்தப்பட்ட பின்போ, ஸ்டெனோஸ்டிரிடே குடும்பத்துக்கு இந்தத் தீவில் இது ஒன்றே. நம் காட்டிலிருந்து இது போனால் கோடி ஆண்டுக் கணக்கில் தனியே வந்த ஒரு வம்சம் முழுவதும் இலங்கையிலிருந்து போய்விடும். பட்டாணிக் குருவியோ புதர்ச்சிட்டோ அந்த இடத்தை நிரப்பாது.

இன்னொன்று. இந்த இனத்தின் மூல மாதிரி இலங்கையிலிருந்து போனது. நாளைக்கு மரபணு ஆய்வில் இமயத்துப் பறவையும் தீவுப் பறவையும் வெவ்வேறு இனம் என்று தெரிந்தால், சிலோனென்சிஸ் என்ற பெயர் நம்மிடமே இருக்கும். மற்றவை வேறு பெயர் தேட வேண்டும். ஒப்பிட்டுப் பார்க்க உலகம் கேட்கப்போவது இந்தத் தீவின் பறவையை. அதன் குரல் பதிவை, கூட்டின் அளவை, குஞ்சின் நிறத்தை. அவை இங்கே இருந்து எழுதப்பட வேண்டியவை.

காட்டின் நிலை உங்களுக்குத் தெரியும். 1840களிலிருந்து காப்பிக்காக மலைகளை வெட்டினார்கள். 1869இல் இலைத்துரு நோய் வந்து காப்பி விழுந்தது, தேயிலை ஏறியது. 1873இல் கியூ பூங்காவின் தலைவர் ஜோசப் ஹூக்கரின் அறிவுரையால் 5000 அடிக்கு மேல் உள்ள அரச காட்டை வெட்டுவது தடுக்கப்பட்டது. ஹோட்டன் சமவெளியும் மலை முகடுகளும் தப்பியதில் அந்த முடிவுக்குப் பங்கு உண்டு. ஆனால் ஹல்துமுல்லை அந்தக் கோட்டுக்குக் கீழே. இங்கே தப்பியது ஓடைப் பள்ளங்கள் மட்டுமே. நடக்கவும் நடவும் முடியாத சரிவு என்பதால் அவை தப்பின. பின்னாளில் பத்தனைப் புல்வெளிகளில் பைன் நட்டார்கள். பைன் தோப்பு பச்சையாகத் தெரியும். அதன் அடியில் புதர் இல்லை, பாசி இல்லை, சாம்பல் தலையனின் கூட்டுக்கு வேண்டிய எதுவும் இல்லை. அதைக் காட்டுக் கணக்கில் சேர்ப்பதை நான் ஏற்கமாட்டேன். ஹப்புத்தளை முகட்டில் தங்கமலைச் சரணாலயம் இருக்கிறது. நல்ல காடு, ஆனால் சிறிது. அங்கிருந்து கீழே இறங்கும் ஓடைக்காடுகள் அறுந்தால் அது தனித்துவிடும்.

2014 ஒக்டோபர் 29 அன்று மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. அன்று உறவுகளை இழந்தவர்கள் இந்தக் கூட்டத்திலும் இருக்கிறீர்கள். சரிவுகளிலும் ஓடைக்கரைகளிலும் மரம் நிற்க வேண்டும் என்பதற்குப் பறவையைவிடப் பெரிய காரணம் உங்களுக்கு உண்டு. அந்த மரங்கள் நிற்கும் இடமும் இந்தப் பறவையின் இடமும் ஒன்று என்பதை மட்டும் நான் சேர்த்துச் சொல்கிறேன்.

என் வேண்டுகோள்கள் மூன்று. தோட்ட நிர்வாகங்கள் ஓடையின் இரு கரையிலும் உள்ள பழைய மரங்களைத் தொடாமல் விட வேண்டும். இடைவெளி விழுந்த இடங்களில் யூக்கலிப்டஸையும் பைனையும் விட்டு நாட்டு மரங்களை நட வேண்டும். இரண்டாவது, விறகெடுக்கப் போகிறவர்களே, பாசி படிந்த தண்டுகளை விட்டுவிட்டு விழுந்த கிளைகளை எடுங்கள். தேவை இருப்பதால்தான் போகிறீர்கள் என்பதை அறிந்தே கேட்கிறேன். எரிவாயுவுக்கு வழிசெய்வது உங்கள் மேல் சுமத்தப்பட வேண்டிய பொறுப்பல்ல, அது நிர்வாகத்தின் பொறுப்பு. மூன்றாவது மாணவர்களுக்கு. ஒரு குறிப்பேடு எடுங்கள். இந்தப் பறவையைப் பார்த்த நாள், இடம், எந்த ஓடை, எந்த மரத்தில் எவ்வளவு உயரம், கூட எந்தெந்தப் பறவைகள் இருந்தன என்று எழுதுங்கள். கூடு கண்டால் கை வைக்காமல் தூரத்தில் நின்று பாருங்கள். குஞ்சு வெளியே வரும்போது அதன் முதுகில் புள்ளி இருக்கிறதா என்று நீங்களே பார்த்து எழுதுங்கள். பெப்ரவரி முதல் மே வரை அதற்கு ஏற்ற காலம். எழுதியதை உங்கள் விஞ்ஞான ஆசிரியரிடம் கொடுங்கள். இந்தப் பள்ளிக்கூடத்திலேயே ஒரு பதிவேடு தொடங்கி அதைப் பாதுகாக்க அதிபர் அவர்கள் இசைந்திருக்கிறார்கள். முதல் பக்கத்தை இந்த ஆண்டே நிரப்பிவிடுங்கள்.